எரிக் ரோஷான்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஒரு பிரெஞ்சு உளவுத் தொடரைப் பாருங்கள் என்று சில வருடங்களாக நண்பர்களை நச்சரித்துக்கொண்டிருக்கிறேன். ‘ல பியூரோ தே லெஜாந்த்’ என்பது அதன் பெயர், எரிக் ரோஷான் அதை உருவாக்கியவர். பார்த்து முடித்தவர்கள் எல்லோரும் ஏறக்குறைய ஒரே கேள்விகளோடுதான் திரும்பி வருகிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பதில் சொல்லி அலுத்துவிட்டதால் இங்கே தொகுத்துவிட்டேன். கேள்விகளை அவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன். கதையின் முடிவை எங்கும் சொல்லவில்லை, பயப்படாமல் படிக்கலாம்.

யாருங்க இந்த எரிக் ரோஷான்? பேரே கேள்விப்பட்டதில்லையே.

1961-ல் பாரிஸில் பிறந்த பிரெஞ்சு இயக்குநர், திரைக்கதை ஆசிரியர். 28 வயதில் எடுத்த முதல் படத்திலேயே பிரான்ஸ் முழுக்கப் பேசப்பட்டார். பிறகு நீண்ட காலம் சறுக்கினார். ஐம்பதைத் தாண்டியபின் தொலைக்காட்சியில் மறுபடியும் உச்சிக்கு வந்தார்.

நீங்கள் கேள்விப்படாததில் ஆச்சரியம் இல்லை. பிரெஞ்சு சினிமா என்றாலே நம்மில் பலருக்கு 1960-களின் புதிய அலைக்காரர்கள்தான் நினைவுக்கு வருவார்கள். அவர்களுக்கு இரண்டு தலைமுறை தள்ளி வந்தவர் இவர்.

சினிமா படிச்சவரா, இல்ல உதவி இயக்குநரா இருந்து வந்தவரா?

படித்தவர்தான். பாரிஸில் இருந்த இதெக் என்ற அரசுத் திரைப்படப் பள்ளியின் மாணவர். 1986-ல் அந்தப் பள்ளியின் இடத்தில்தான் இப்போதைய ஃபெமிஸ் வந்தது. அர்னோ தெப்ளேஷான், பாஸ்கல் ஃபெரான் இருவரும் அங்கே அவர் காலத்தில் படித்தவர்கள், பின்னாளில் பெயர் வாங்கியவர்கள். ஃபெரான் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கீழே மறுபடியும் வருவார்.

பள்ளியை முடித்ததும் குறும்படங்கள் எடுத்தார். அவற்றில் ஒன்றுக்கு 1988-ல் சிறந்த குறும்படத்துக்கான செசார் விருது கிடைத்தது. செசார் என்பது பிரான்ஸின் ஆஸ்கர் மாதிரி. அந்த விருது கைக்கு வந்த மறு வருடமே முழுநீளப் படம் வெளியாகிவிட்டது.

முதல் படத்துல அப்படி என்னதான் இருந்துச்சு?

படத்தின் பெயர் ‘அன் மோந்து சான் பித்தியே’, அதாவது இரக்கமற்ற உலகம். 1989 நவம்பரில் வெளிவந்தது. ‘இப்போ’ (Hippo) என்ற பெயருடைய ஓர் இளைஞன். வேலை கிடையாது, தேடுவதும் கிடையாது. போதைப்பொருள் விற்கும் தம்பியின் காசில் பிழைப்பு, ராத்திரியில் சீட்டாட்டம். அவன் போய் நன்றாகப் படிக்கிற, வருங்காலத்தைத் திட்டம் போட்டு வைத்திருக்கிற ஒரு பெண்ணைக் காதலிக்கிறான். கதை அவ்வளவுதான்.

ஆனால் அந்தக் காலத்து இளைஞர்களுக்கு அது கண்ணாடி பார்த்தது போல இருந்தது. அவர்களுடைய அப்பா அம்மா 1968-ல் தெருவில் இறங்கி கலகம் செய்த தலைமுறை. இவர்களுக்கோ எதிர்த்துக் கத்த எதிரிகூட மிச்சமில்லை, காதலிப்பதைத் தவிரச் செய்வதற்கு ஒன்றுமில்லை என்று படத்தின் தொடக்கத்திலேயே நாயகன் சலித்துக்கொள்கிறான். இன்னொரு காட்சியில் நள்ளிரவில் விரலைச் சொடுக்குகிறான், ஐஃபல் கோபுரத்தின் விளக்குகள் அணைந்துவிடுகின்றன. கோபுரம் அந்த நேரத்தில் அணையும் என்பது அவனுக்குத் தெரியும், அவ்வளவுதான் வித்தை. உலகத்தையே தன் கையில் வைத்திருப்பதாகக் காட்டிக்கொள்ளும் ஒரு வெத்துவேட்டை இதைவிட அழகாகக் காட்ட முடியாது.

படத்துக்கு லூயி தெல்லுக் பரிசும் சிறந்த முதல் படத்துக்கான செசாரும் கிடைத்தன. நாயகனாக இப்போலித் ஜிரார்தோ. நண்பனாக நடித்த இவான் அத்தாலுக்கு நம்பிக்கையூட்டும் புதுமுக நடிகருக்கான செசார் கிடைத்தது.

அடுத்த படமும் அதே மாதிரி ஓடுச்சா?

இல்லை. 1991-ல் வந்த ‘ஓ ஸ்யூ த்யூ மோந்து’ படத்தில் காதலியிடம் தன்னை நிரூபித்துக்கொள்ள ஓர் இளைஞன் பள்ளிப் பிள்ளைகள் இருக்கும் பேருந்தையே கடத்துகிறான். அத்தால்தான் அந்த இளைஞன். ஆசிரியையாக கிறிஸ்டின் ஸ்காட் தாமஸ், காதலியாக ஷார்லோத் கேன்ஸ்பூர். முதல் படத்தின் அலட்சியமான சிரிப்பை எதிர்பார்த்து வந்தவர்களுக்கு இதன் இறுக்கம் ஒத்துவரவில்லை.

அத்தாலும் கேன்ஸ்பூரும் நிஜ வாழ்க்கையில் ஜோடியானது இந்தப் படத்தில்தான். பிரெஞ்சுக்காரர்களுக்கு இன்று படத்தைவிட அந்தச் செய்திதான் அதிகம் நினைவில் இருக்கும் என்று தோன்றுகிறது.

உளவு விஷயமெல்லாம் எப்போ ஆரம்பிச்சது? பியூரோ தொடர்லதானே?

இதைத்தான் நிறையப் பேர் தவறாக நினைக்கிறார்கள். தொடருக்கு 21 வருடம் முன்பே, 1994-ல் ‘லே பத்ரியோத்’ என்று ஒரு படம் எடுத்தார். தேசபக்தர்கள் என்று பொருள். பாரிஸில் வளர்ந்த ஏரியல் என்ற யூத இளைஞன் 18 வயதில் இஸ்ரேலுக்குப் போய் அந்நாட்டு உளவு அமைப்பான மொசாத்தில் சேருகிறான். மறுபடியும் இவான் அத்தால்தான். படத்தின் ஒரு பகுதி பாரிஸில் ஓர் அணு விஞ்ஞானியை வளைத்துப் பிடிப்பது பற்றி. இன்னொரு பகுதி வாஷிங்டனில், அமெரிக்க உளவுத்துறை ஊழியர் ஒருவரை இயக்குவது பற்றி.

துப்பாக்கிச் சண்டை, கார் துரத்தல் என்று தேடினால் ஏமாந்து போவீர்கள். ஒரு மனிதனை எப்படி மெல்ல மெல்ல நட்பாக்குவது, அவனுடைய பலவீனம் எங்கே என்று எப்படிக் கண்டுபிடிப்பது, எந்த நாளில் அவன் கழுத்தில் சுருக்கை மாட்டுவது. இரண்டு மணி நேரத்துக்கும் மேலாக இதுதான் ஓடுகிறது. பியூரோ தொடரின் விதை முழுக்க இதில் இருக்கிறது. எனக்கு அவருடைய படங்களில் மிகவும் பிடித்ததும் இதுதான்.

அப்போ அது மொசாத்தைப் புகழ்ற படமா?

தலைப்பை மட்டும் பார்த்தால் அப்படித் தோன்றும். படம் அதற்கு நேர்மாறு. வாஷிங்டன் பகுதிக்குப் பின்னால் ஜோனத்தன் பொல்லார்ட் என்ற நிஜ மனிதரின் கதை இருக்கிறது. அமெரிக்கக் கடற்படை உளவுப் பிரிவில் ஆய்வாளராக இருந்துகொண்டு இஸ்ரேலுக்கு ரகசியங்களைக் கொடுத்தவர். 1985 நவம்பரில் மாட்டிக்கொள்ளும் நிலையில் வாஷிங்டன் இஸ்ரேல் தூதரகத்துக்கு அடைக்கலம் தேடி ஓடினார். உள்ளே சேர்க்காமல் வெளியே அனுப்பிவிட்டார்கள், வாசலில் கைது. 1987-ல் ஆயுள் தண்டனை, 2015-ல்தான் வெளியே வந்தார்.

தன்னை நம்பிய மனிதனை ஓர் அமைப்பு கைகழுவும்போது, அவனை அந்த வலையில் இழுத்துவிட்ட இளைஞனின் மனசு என்ன ஆகும்? படம் அங்கேதான் நிற்கிறது. பார்த்துவிட்டு அந்த வேலைக்கு யாரும் ஆசைப்படுவார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை.

நல்ல படம்னு சொல்றீங்க, பின்ன ஏன் தோத்துச்சு?

கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்கே போன படம் அது. ஆனால் கல்லா நிறையவில்லை. என் கணிப்பைச் சொல்கிறேன். நீளம் அதிகம், வேகம் குறைவு, பெரிய நட்சத்திரம் இல்லை, பல நாடுகளில் எடுத்ததால் செலவும் கூடுதல். உளவுப் படம் பார்க்க வந்தவர்களுக்கு அலுவலக வேலை போல இருந்திருக்கும். கலைப்படம் பார்க்க வந்தவர்களுக்கு உளவுப் படமாகத் தெரிந்திருக்கும். இரண்டு பக்கமும் சொந்தம் கொண்டாட ஆள் இல்லை.

அதே நிதானத்தை 2015-ல் தொடராகக் கொடுத்தபோது ‘என்ன ஒரு நம்பகத்தன்மை!’ என்று கொண்டாடினார்கள். சரக்கு அதேதான், பாத்திரம்தான் மாறியது.

1994-க்கு அப்புறம் காணாமப் போயிட்டாரா?

காணாமல் போகவில்லை, படங்கள் வந்துகொண்டுதான் இருந்தன. 1996-ல் ‘அன்னா ஓஸ்’. பாரிஸில் வாழும் ஒரு பெண் கனவில் வெனிஸில் வேறொரு வாழ்க்கை வாழ்கிறாள், போகப் போக எது நிஜம் என்றே குழம்புகிறது. 1997-ல் வேலையில்லாதவர்கள் சேர்ந்து கட்சி தொடங்கும் நகைச்சுவை. 2000-ல் சாமுயேல் ல பியானை வைத்து ‘டோட்டல் வெஸ்டர்ன்’ என்ற அடிதடிப் படம். பிறகு ஆறு வருட இடைவெளி. 2006-ல் படிப்பு ஏறாத ஓர் இளைஞன் வேறொருவர் பெயரில் ஆசிரியராகப் புறநகர்ப் பள்ளிக்குள் நுழையும் ‘லெகோல் பூர் தூஸ்’.

முதல் படம் போல எதுவும் பேசப்படவில்லை. அவற்றில் சில சுமார்தான், மறைக்க என்ன இருக்கிறது. ஆனால் வரிசையாக வைத்துப் பார்த்தால் ஒரு விஷயம் பளிச்சென்று தெரியும். கனவில் இன்னொருத்தியாக வாழும் பெண், பொய்ப் பெயரில் பாடம் நடத்தும் இளைஞன், மொசாத்துக்காக வேடம் போடுபவன். வேறொருவராக வாழ்பவர்களை விட்டு இவரால் விலகவே முடியவில்லை. பொய்ப் பெயரோடு ஓர் ஆசிரியர் பியூரோவிலும் வருகிறார், அதை அப்புறம் பார்ப்போம்.

சினிமாவுல சான்ஸ் இல்லாமதான் டிவிக்கு வந்தாரா?

பாதி உண்மை. சினிமாவில் அவர் மார்க்கெட் இறங்கியிருந்தது உண்மைதான். ஆனால் அந்த நேரத்தில் பிரெஞ்சுத் தொலைக்காட்சியும் மாறிக்கொண்டிருந்தது. கட்டணச் சேனலான கனால் பிளஸ் கனமான குற்றத் தொடர்களை எடுக்க ஆரம்பித்திருந்தது. அமெரிக்கத் தொடர்களை டிவிடியில் பார்த்துப் பழகிய ஒரு கூட்டமும் உருவாகியிருந்தது.

ரோஷான் போய்ச் சேர்ந்தது ‘மஃபியோசா’ தொடரில். கோர்சிகா தீவில் மாமா விட்டுச்சென்ற குற்றக் கும்பலுக்குத் தலைவியாகும் ஒரு பெண் வழக்கறிஞரின் கதை. எலேன் ஃபியேர் நாயகி. தொடரை உருவாக்கியவர் ரோஷான் இல்லை. 2006-ல் வந்த முதல் சீசனில் அவருக்குச் சம்பந்தம் இல்லை. 2008-ல் வந்த இரண்டாவது சீசனையும் 2010-ல் வந்த மூன்றாவதையும் அவர் இயக்கினார், ஒவ்வொன்றிலும் எட்டு எபிசோடு. தொடர் முழுக்க அவருடையது என்று சிலர் சொல்வது தவறு.

அடுத்தவர் கட்டிய வீட்டுக்குள் போய்க் குடியிருந்து, சமையலறை எங்கே, தண்ணீர்க் குழாய் எங்கே என்று கற்றுக்கொண்டார் என்றுதான் இதைப் பார்க்கிறேன். அடுத்து தன் வீட்டைத் தானே கட்டினார்.

பிரான்ஸ்ல டிவி பண்றதுன்னா இயக்குநருக்கு மரியாதை கம்மின்னு சொல்றாங்களே?

ரொம்ப காலம் அப்படித்தான் இருந்தது. படத்தின் படைப்பாளி இயக்குநரே என்ற எண்ணத்தை உலகத்துக்குப் பரப்பிய நாடு அது. சின்னத்திரைக்கு வேலை செய்பவரைக் கைவினைஞர் என்று தள்ளி வைக்கும் பழக்கமும் அங்கேயே இருந்தது.

சட்டம் மட்டும் அப்படிப் பார்ப்பதில்லை. பிரெஞ்சுச் சட்டப்படி சினிமாவோ தொலைக்காட்சியோ, திரைக்கதை எழுதியவர், வசனம் எழுதியவர், படைப்புக்கென்றே இசையமைத்தவர், இயக்கியவர் எல்லோரும் கூட்டுப் படைப்பாளிகள்தான். சிக்கல் வேறு இடத்தில் வருகிறது. ஐந்து இயக்குநர்கள் எடுக்கும் தொடரில் கடைசி வார்த்தை யாருடையது? அமெரிக்காவில் அதற்கு ‘ஷோரன்னர்’ என்று ஒருவர் உண்டு. பிரான்ஸில் அப்போது அப்படி ஒரு நாற்காலியே வழக்கத்தில் இருக்கவில்லை.

மஃபியோசாவுக்கு அப்புறம் ஏன் திரும்பவும் சினிமா? அந்த துஜார்தான் படம்?

‘மோபியஸ்’, 2013. முந்தைய வருடம்தான் ஜான் துஜார்தான் ஆஸ்கர் வாங்கியிருந்தார், கூடவே செசில் த ஃபிரான்ஸ், டிம் ராத். இத்தனை பெரிய நடிகர்கள் ரோஷானுக்கு அதற்குமுன் வாய்த்ததில்லை. மொனாக்கோவில் ஒரு ரஷ்யப் பணக்காரரைக் கண்காணிக்கும் ரஷ்ய உளவு அதிகாரி, தான் இயக்கும் பெண் உளவாளியை நேரில் சந்திக்கவே கூடாது என்ற விதியை மீறிக் காதலில் விழுகிறான்.

படம் பார்க்க அழகு. ஆனால் முடிச்சுக்கு மேல் முடிச்சாகப் போட்டு ஒன்றே முக்கால் மணி நேரத்தில் அவிழ்த்தாக வேண்டும் என்பதால் மூச்சு முட்டுகிறது. காதலுக்காக விதியை மீறும் உளவாளி என்ற இதே கருவுக்கு இரண்டு வருடத்தில் பத்து மணி நேரம் கிடைத்தது. வித்தியாசம் எங்கே என்று பார்க்க விரும்பினால் இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள்.

‘லெஜாந்த்’னா சாதனையாளர்கள்னு அர்த்தமா? தலைப்பு புரியல.

இல்லை. உளவுத் தொழிலில் ‘லெஜாந்த்’ என்றால் ஓர் ஆளுக்காக ஜோடித்துக் கொடுக்கும் பொய்யான வாழ்க்கை. பெயர், பிறந்த ஊர், படிப்பு, வேலை, பழைய காதல் வரை எல்லாம் அதில் சேரும். அப்படி வாழ்க்கைகளைத் தயாரித்து ஆட்களை வெளிநாட்டுக்கு அனுப்பும் பிரிவின் கதை இது. பிரான்ஸின் வெளிநாட்டு உளவுத்துறையான டிஜிஎஸ்இ-க்குள் இருப்பதாகக் காட்டப்படுகிறது.

நாயகன் கியோம் தெபாயி ஆறு வருடம் டமாஸ்கஸில் போல் லெஃபெப்வர் என்ற பெயரில் பிரெஞ்சு ஆசிரியராக வாழ்ந்துவிட்டுப் பாரிஸுக்குத் திரும்புகிறான். முன்பு சொன்ன ஆசிரியர் இவர்தான். திரும்பியதும் பொய்ப் பெயரைக் கழற்றி வைத்துவிட வேண்டும். அவன் கழற்றவில்லை, ஏனென்றால் அவன் காதலித்த சிரியப் பெண்ணுக்கு அந்தப் பெயர்க்காரனைத்தான் தெரியும். அந்த ஒரு சின்னப் பொய்யிலிருந்துதான் மற்ற எல்லாம். நாயகனாக மத்தியூ கஸ்ஸோவிட்ஸ், அவரே பெயர் பெற்ற இயக்குநர்.

மாலோத்ரூ, அது இதுன்னு விநோதமா கூப்பிட்டுக்கிறாங்களே, என்ன அது?

சங்கேதப் பெயர்கள். பெரும்பாலும் டின்டின் படக்கதைகளில் கேப்டன் ஹாடக் திட்டும் திட்டுகளிலிருந்து எடுத்தவை. ‘மாலோத்ரூ’ என்றால் நாகரிகம் தெரியாத முரடன். அமைதியாக, யாரும் திரும்பிப் பார்க்காதபடி நடமாடும் மனிதனுக்கு அந்தப் பெயர். சப்டைட்டிலில் இந்தக் குறும்பு பெரும்பாலும் காணாமல் போய்விடுகிறது.

50 எபிசோடையும் இவரே இயக்கினாரா?

இல்லை. ஐந்து சீசன், சீசனுக்குப் பத்து எபிசோடு. சிலவற்றை மட்டும் அவர் இயக்கினார். மற்றவற்றை எலியே சிஸ்தெர்னா, லைலா மராக்ஷி, மத்தியூ தெமி, சாமுயேல் கொலார்தே, அன்னா நோவியோன் என்று பலர் எடுத்தார்கள். மேலே சொன்ன பழைய பள்ளித்தோழி பாஸ்கல் ஃபெரானும் அவர்களில் ஒருவர்.

ஆனால் தொடர் ரோஷானுடையது என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. சற்று முன்பு பார்த்த அந்தக் காலி நாற்காலியில் அவர் உட்கார்ந்தார். தயாரிப்பாளர் அலெக்ஸ் பெர்ஜேவுடன் சேர்ந்து, எழுத்தாளர்களுக்கென ஓர் அறை அமைத்து, அமெரிக்க முறையைப் பிரான்ஸுக்குப் பொருத்தினார். ஒரு பக்கம் படப்பிடிப்பு, அதே நேரத்தில் அடுத்த எபிசோடுகளின் எழுத்து வேலை. திரைக்கதைக்கும் படத்தொகுப்புக்கும் கடைசி ஒப்புதல் அவருடையது.

பலன் என்ன? முதல் நான்கு சீசன்கள் 2015 முதல் 2018 வரை வருடத்துக்கு ஒன்றாக வந்தன. மஃபியோசாவில் ஒரு சீசனுக்கும் அடுத்ததற்கும் இரண்டு வருடம் காத்திருக்க வேண்டியிருந்ததை நினைத்துப் பாருங்கள். ஒவ்வொரு எபிசோடையும் தானே எடுத்தாக வேண்டும் என்ற இயக்குநரின் பிடிவாதத்தை அவர் விட்டதால்தான் இது நடந்தது.

சிரியா, ஈரான், ரஷ்யா எல்லாம் நிஜமாவே போய் எடுத்தாங்களா?

மத்திய கிழக்குக் காட்சிகளுக்குப் பெரும்பாலும் மொராக்கோ. ரஷ்யக் காட்சிகளுக்கு உக்ரைன். இன்று அதைப் பார்க்கும்போது மனசுக்குள் என்னவோ செய்கிறது. அலுவலகக் காட்சிகள் பாரிஸை ஒட்டிய சான்-தெனியில் இருக்கும் திரைப்பட நகரத்தில் போட்ட அரங்கம். நிஜத் தலைமையகம் பாரிஸின் மோர்த்தியே சாலையில் இருக்கிறது. பக்கத்தில் ஒரு நீச்சல் குளம் இருப்பதால் ‘குளம்’ என்பதே அதன் செல்லப்பெயர்.

தொடரில் அந்த அலுவலகம் கண்ணாடித் தடுப்பு, காபி, ஃபைல் என்று நம்மூர் அரசு அலுவலகத்துக்குக் கொஞ்சம்தான் மேலே இருக்கும். மேலதிகாரி துஃப்லோ தினுசு தினுசாக டை கட்டிக்கொண்டு வருவார், அந்தப் பாத்திரத்தில் ஜான்-பியேர் தாருசானை அடித்துக்கொள்ள ஆளில்லை.

கடைசி ரெண்டு எபிசோடு வேற மாதிரி இருக்கே, ஏன்?

நீங்கள் கவனித்தது சரி. 2020-ல் வந்த ஐந்தாவது சீசனோடு விலகிக்கொள்வது என்று ரோஷான் முடிவு செய்தார். கடைசி இரண்டு எபிசோடுகளை ஜாக் ஓதியாரிடம் ஒப்படைத்தார். யார் இந்த ஓதியார் என்று தமிழர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. ஈழத்து அகதியின் பாரிஸ் வாழ்க்கையைச் சொன்ன ‘தீபன்’ படத்துக்காக 2015-ல் கானில் உச்ச விருதான தங்கப் பனை வாங்கியவர். அதில் நாயகனாக நடித்தவர் நம் ஷோபாசக்தி.

ஓதியார் தன் பாணியில் எடுத்தார். கனவும் நினைவும் கலந்து வரும், தகவலைவிட மனநிலைதான் முக்கியம். நாற்பத்தெட்டு எபிசோடு துல்லியத்துக்குப் பழகிய ரசிகர்களில் ஒரு கூட்டம் கொதித்தது, இன்னொரு கூட்டம் கண் கலங்கியது. நான் முதல் தடவை எரிச்சல்பட்டேன். இரண்டாம் தடவை பார்த்தபோது எரிச்சல் பாதியாகக் குறைந்திருந்தது.

இங்கிலீஷ்ல வந்த ‘தி ஏஜென்சி’ இதோட ரீமேக்தானே? அதைப் பார்த்தா போதுமா?

ஆமாம், ரீமேக்தான். 2024 நவம்பரில் தொடங்கியது. மைக்கேல் ஃபாஸ்பெண்டர் நாயகன், கூடவே ரிச்சர்ட் கியர். டிஜிஎஸ்இ இருந்த இடத்தில் சிஐஏ, பாரிஸுக்குப் பதில் லண்டன், டமாஸ்கஸுக்குப் பதில் அடிஸ் அபாபா, சிரியப் பெண்ணுக்குப் பதில் சூடான் பெண்.

ஆனால் அதில் எல்லோரும் அழகாக, பளபளப்பாக இருக்கிறார்கள். கஸ்ஸோவிட்ஸ் மெட்ரோவில் உங்கள் பக்கத்தில் நின்றால் கவனிக்க மாட்டீர்கள், ஃபாஸ்பெண்டரை எப்படிக் கவனிக்காமல் இருப்பது? ஒன்றைத்தான் பார்க்க நேரம் என்றால் பிரெஞ்சைப் பாருங்கள்.

கடைசியா சொல்லுங்க, இவர் நல்ல இயக்குநரா, இல்ல நல்ல எழுத்தாளரா?

கேமரா கோணத்துக்காக யாரும் ரோஷானைத் தேடிப் போவதில்லை. ஐஃபல் கோபுரக் காட்சி போல மனதில் ஒட்டும் படிமங்கள் அவரிடம் குறைவு. இரண்டு பேர் மேசைக்கு எதிரெதிரே உட்கார்ந்து ஒருவரை ஒருவர் எடைபோடும் காட்சியை எழுதி, நடிக்க வைத்து, சரியான இடத்தில் வெட்டுவதில் அவரை மிஞ்சுபவர்கள் குறைவு. அதனால் எழுத்தாளர் என்பேன். ஆனால் முதல் படத்தைப் பார்த்தவர்கள் இந்தப் பதிலோடு சண்டைக்கு வருவார்கள், வரட்டும்.

சரி, எதுல இருந்து ஆரம்பிக்கட்டும்?

பியூரோவின் முதல் சீசனிலிருந்து. முதல் இரண்டு எபிசோடு கொஞ்சம் மெதுவாகப் போகும், பெயர்களும் குழப்பும், ஒரு தாளில் குறித்துக்கொண்டால் தப்பில்லை. மூன்றாவதிலும் பிடிக்கவில்லை என்றால் விட்டுவிடுங்கள். பிடித்துவிட்டால், இரண்டாவது சீசனுக்குப் போகும் முன் ‘லே பத்ரியோத்’ கிடைக்கிறதா என்று தேடுங்கள். மோபியஸ் மழை நாளுக்கு ஆகும். டோட்டல் வெஸ்டர்னை எனக்காகப் பார்க்க வேண்டாம்.